ஆறு சொட்டு பிரேக் ஆயில்

காரில் விசித்திரமான ஒரு கோளாறு உண்டு. வேகமாகப் போகும்போது ஓங்கி மிதித்தால் வண்டி நன்றாகவே நிற்கும். ஆனால் சிக்னலில் நின்றபடி, வண்டி நகராமல் இருக்க பிரேக் பெடலில் காலை லேசாக வைத்திருந்தால், பெடல் மெல்ல மெல்ல உள்ளே இறங்கிக்கொண்டே போகும். காலை எடுத்து மறுபடி மிதித்தால் பழைய உயரத்துக்கு வந்துவிடும். குனிந்து வண்டிக்கு அடியில் பார்த்தால் சொட்டு ஒழுகல் கிடையாது. பானெட்டைத் திறந்து பார்த்தால் பிரேக் ஆயிலும் குறையவில்லை.

'பெடல் இறங்குது' என்று சொன்னால் போதும், அனுபவமுள்ள மெக்கானிக் நேராக, பெடலின் விசையை ஆயிலுக்குக் கொடுக்கும் மாஸ்டர் சிலிண்டரைத்தான் கைகாட்டுவார். ஆனால் கேள்வி அப்படியே நிற்கிறது. பலமாக மிதித்தால் தாங்குகிற பிரேக், லேசாக மிதித்தால் ஏன் கைவிடுகிறது? கடினமான வேலையைச் செய்யத் தெரிந்ததற்குச் சுலபமான வேலை ஏன் வரவில்லை? விடை, உள்ளே இருக்கும் கட்டைவிரல் அகல ரப்பர் கிண்ணம் ஒன்றின் விளிம்பில் இருக்கிறது. அந்த விளிம்பின் கதைக்கு 200 வயதுக்கு மேல் ஆகிறது.

20 கிலோ 500 ஆகும் கணக்கு

மூடிய கலத்தில் அடைபட்ட திரவத்தை ஓர் இடத்தில் அழுத்தினால், அந்த அழுத்தம் குறையாமல் எல்லாப் பக்கமும் பரவும். பிரெஞ்சு அறிஞர் பிளேஸ் பாஸ்கல் இதை விளக்கி எழுதிய நூல், அவர் இறந்த மறு ஆண்டு, 1663-ல் வெளிவந்தது. இன்று உலகில் ஓடும் கார்கள் ஏறக்குறைய எல்லாமே இந்த ஒரு விதியை நம்பித்தான் நிற்கின்றன.

ஒரு சின்னக் கணக்குப் போட்டுப் பார்க்கலாம். நம் கால் பெடலை 20 கிலோ விசையோடு அழுத்துகிறது என்று வைத்துக்கொள்வோம். பெடல் ஒரு நெம்புகோல். அது விசையை நான்கு மடங்காக்கி, 80 கிலோவாக மாஸ்டர் சிலிண்டரின் பிஸ்டனுக்குக் கொடுக்கிறது. அந்தப் பிஸ்டனின் விட்டம் 20 மில்லிமீட்டர். முன்சக்கரத்தில் பிரேக் பேடை டிஸ்கோடு அழுத்தும் காலிபரில் உள்ள பிஸ்டனின் விட்டம் 50 மில்லிமீட்டர். விட்டம் இரண்டரை மடங்கு என்றால் பரப்பு ஆறேகால் மடங்கு. ஆகவே, 80 கிலோ அங்கே 500 கிலோவாகிறது. அதுவும் ஒரு சக்கரத்துக்கு மட்டும் கிடைப்பதில்லை. அதே அளவு காலிபர் எத்தனை இருந்தாலும் ஒவ்வொன்றுக்கும் 500 கிலோ. பெடலுக்கும் மாஸ்டர் சிலிண்டருக்கும் நடுவே உட்கார்ந்திருக்கும் வெற்றிட பூஸ்டர் இதை இன்னும் பெருக்கிக் கொடுக்கும். அதை இந்தக் கணக்கில் சேர்க்கவில்லை.

இயற்கை எதையும் இலவசமாகத் தருவதில்லை. விசை கூடினால் தூரம் குறையும். மாஸ்டர் பிஸ்டன் நகரும் தூரத்தில் மிகச் சிறு பங்குதான் காலிபர் பிஸ்டன் நகரும். பிரேக் பேடுக்கும் டிஸ்குக்கும் இடையில் இருப்பது மயிரிழை இடைவெளி என்பதால் அது போதுமானதாக இருக்கிறது. ஆனால் இதில் ஒரு சிக்கல் ஒளிந்திருக்கிறது. 20 மில்லிமீட்டர் விட்டமுள்ள பிஸ்டன் 1 மில்லிமீட்டர் நகர்ந்தால், அது தள்ளும் ஆயில் மில்லிலிட்டரில் மூன்றில் ஒரு பங்குக்கும் குறைவு. பிஸ்டன் 1 மில்லிமீட்டர் நகரப் பெடல் 4 மில்லிமீட்டர் இறங்கும். அதாவது, ஏறக்குறைய ஆறு சொட்டு ஆயில் போகக் கூடாத பக்கம் கசிந்தால் போதும், காலடியில் பெடல் 4 மில்லிமீட்டர் இறங்கிவிடும். இத்தனை சிறிய கசிவைக் கண்ணால் கண்டுபிடிப்பது கடினம். காலுக்கு அது தெரிந்துவிடும்.

அழுத்த அழுத்த இறுகும் விளிம்பு

பாஸ்கல் சொன்ன விதியை முதலில் பெரிய அளவில் வேலை வாங்கியவர் ஆங்கிலேயப் பொறியாளர் ஜோசப் பிராமா. 1795-ல் அவர் நீரழுத்த இயந்திரத்துக்குக் காப்புரிமை பெற்றார். கணக்கு சரி, இயந்திரமும் சரி, தண்ணீர்தான் அடங்கவில்லை. பிஸ்டனைச் சுற்றி ஒழுகியது. ஒழுகாதபடி இறுக்கிக் கட்டினால் பிஸ்டன் திரும்பி வர மறுத்தது. இந்த முடிச்சை அவிழ்த்த பெருமை, அவர் பட்டறையில் வேலை பார்த்த ஹென்றி மாட்ஸ்லேக்குத் தரப்படுகிறது. தோலால் ஆன வளையம் ஒன்றை, அதன் விளிம்பு தண்ணீரை நோக்கித் திறந்திருக்கும்படி வைத்தார். தண்ணீர் அழுத்தும்போது, அந்த அழுத்தமே விளிம்பை விரித்துச் சுவரோடு ஒட்டவைத்தது. அழுத்தம் நின்றதும் விளிம்பு தளர்ந்து பிஸ்டனுக்கு வழிவிட்டது. ஒழுகவைக்கும் விசையையே ஒழுகலை அடைக்கும் விசையாக்கிய தந்திரம் இது. நம் தெருவோர அடிபம்புக்குள் இருந்த தோல் வாஷரும் இதே குடும்பம்தான். அது காய்ந்து தேய்ந்துபோனால் எத்தனை அடித்தாலும் தண்ணீர் ஏறாது.

திரவ பிரேக்கைக் காருக்குக் கொண்டுவந்தவர் அமெரிக்கரான மால்கம் லாக்ஹீட். பின்னாளில் விமானங்களுக்குப் பேர்போன லாக்ஹீட் என்ற பெயர் அவருடையதும் அவர் சகோதரருடையதும்தான். 1921-ல் வந்த டூசன்பர்க் மாடல் ஏ கார் நான்கு சக்கரங்களிலும் திரவ பிரேக்கோடு ஓடியது. லாக்ஹீடின் ஆரம்ப அமைப்பில் இருந்ததும் தோல் கிண்ணங்கள்தான். ஒழுகல் தொல்லையும் கூடவே வந்தது. 1924-ல் வெளிவந்த முதல் கிறைஸ்லர் காரின் பொறியாளர்கள் தோலை எடுத்துவிட்டு ரப்பர் கிண்ணங்களை வைத்தார்கள். அதன்பிறகுதான் திரவ பிரேக் எல்லோருக்குமான பிரேக் ஆனது. கம்பியும் கோலும் கொண்ட பழைய பிரேக்கை விடாமல் பிடித்திருந்த ஃபோர்டும் 1939 மாடல்களில் மாறியது.

இன்று மாஸ்டர் சிலிண்டருக்குள் இருப்பது அந்த ரப்பர் கிண்ணத்தின் வாரிசுதான். மெக்கானிக்குகள் இதைக் 'கப்' என்றோ 'வாஷர்' என்றோ சொல்வார்கள். இப்போது நம் புதிருக்கு விடை கிடைத்துவிடுகிறது. விளிம்பு தேய்ந்தாலோ விறைத்தாலோ அது தானாகச் சுவரைத் தொடாது. ஓங்கி மிதிக்கும்போது எழும் பெரிய அழுத்தம் அதைப் பிடித்துச் சுவரோடு அறைந்துவிடுகிறது, பிரேக் பிடிக்கிறது. லேசாக மிதிக்கும்போது விளிம்பைத் தள்ள ஆளில்லை. ஆயில் அதன் ஓரமாக நழுவிப் பிஸ்டனின் பின்பக்கம் போகிறது. அங்கிருந்து ஒரு துளை வழியாக மேலே உள்ள ஆயில் டப்பாவுக்கே திரும்பிவிடுகிறது. வெளியே ஒழுகாததும், டப்பாவில் அளவு குறையாததும் இதனால்தான்.

இதில் ஓட்டுநரை ஏமாற்றும் இன்னொரு விஷயமும் உண்டு. பெடலை விடும்போது விளிம்பு உள்பக்கம் மடங்கி, பின்னாலிருக்கும் ஆயிலை முன்னறைக்கு விடும். அதனால் இரண்டு முறை பம்ப் அடித்தால் பெடல் மேலே வந்துவிடுகிறது. நாமும் 'இந்த வண்டிக்கு ரெண்டு தடவை மிதிக்கணும்' என்று பழகிக்கொள்கிறோம். நோயை மறைக்கும் மருந்தை நோயே தருகிறது.

கால் படிக்கும் பாடம்

பெடல் இறங்குவது முதல் அறிகுறி. மற்ற அறிகுறிகளும் உண்டு.

இரண்டாவது, தரை காய்ந்திருக்க ஆயில் குறைவது. பிரேக் பேட் தேயத் தேய ஆயில் அளவு கொஞ்சம் இறங்குவது இயல்பு. காலிபர் பிஸ்டன் வெளியே வந்த இடத்தை அது நிரப்புகிறது. ஆனால் பேட் நன்றாக இருந்தும், சக்கரங்களில் ஈரம் இல்லாமலும் ஆயில் இறங்கிக்கொண்டே இருந்தால், மாஸ்டர் சிலிண்டரின் பின்வாயில் உள்ள சீலைச் சந்தேகிக்க வேண்டும். அங்கே ஒழுகும் ஆயில் நேராக பூஸ்டரின் வயிற்றுக்குள் போய்த் தேங்கும். பெட்ரோல் காரில் பூஸ்டருக்கு வெற்றிடம் பெரும்பாலும் எஞ்சினிலிருந்து வருவதால், தேங்கிய ஆயிலை எஞ்சின் உறிஞ்சி எரிக்கவும் கூடும். சைலன்ஸரில் வெண்புகை வரும். மாஸ்டர் சிலிண்டர் பூஸ்டரோடு சேரும் இடத்தின் கீழ்ப்பகுதியை விரலால் தடவிப் பாருங்கள். ஈரமோ, உரிந்த பெயிண்டோ இருந்தால் அதுதான் தடயம். பிரேக் ஆயில் பெயிண்டை அரிக்கும். விரலை உடனே கழுவிவிடுங்கள்.

மூன்றாவது, இதற்கு நேரெதிரானது: காலை எடுத்தும் பிரேக் விடாமல் இருப்பது. மாஸ்டர் சிலிண்டரில் கப்புக்குச் சற்று முன்னால் ஊசித்துளை போல ஒன்று உண்டு. காலை எடுத்தவுடன் சக்கரத்திலிருந்து திரும்பும் ஆயிலும், சூட்டில் விரிந்த ஆயிலும் அதன் வழியே டப்பாவுக்குப் போகும். கப் ஊதிப்போனாலோ, அழுக்கு அடைத்தாலோ, பிஸ்டன் முழுதாகத் திரும்பாவிட்டாலோ அந்தத் துளை மூடிக்கொள்ளும். பிறகு நடப்பது ஒரு சுழல். பிரேக் உரசும், உரசலில் சூடேறும், சூட்டில் ஆயில் விரியும், விரிந்த ஆயில் இன்னும் இறுக்கும். ஓட ஓட வண்டி இழுவையாகும், பெடல் கல்லாகும், சக்கரத்தில் கருகல் வாடை வரும். ஆறியதும் ஒன்றும் நடக்காதது போல வண்டி ஓடும்.

நான்காவது, பெடல் வழக்கத்தைவிட ரொம்ப ஆழத்துக்குப் போய்ப் பிடிப்பதும், டேஷ்போர்டில் சிவப்பு விளக்கு எரிவதும். மாஸ்டர் சிலிண்டருக்குள் ஒன்றன்பின் ஒன்றாக இரண்டு பிஸ்டன்களும், தனித்தனியே இரண்டு ஆயில் பாதைகளும் உண்டு. முன்சக்கர இழுவைக் கார்கள் பலவற்றில் ஒரு பாதை இடது முன்சக்கரத்துக்கும் வலது பின்சக்கரத்துக்கும் போகும்; மற்றது எஞ்சிய இரண்டுக்கும். ஒரு பாதை செத்துப்போனால், அதற்குரிய பிஸ்டன் வெறுமனே முன்னேறி அடுத்த பிஸ்டனையோ சிலிண்டரின் முனையையோ முட்டும். பாதி பிரேக்காவது மிஞ்சும். முட்டும்வரை போகிற அந்த வீண் தூரம்தான் பெடலின் ஆழம். ஒற்றைப் பிஸ்டன் காலத்தில் ஒரு குழாய் வெடித்தால் நான்கு சக்கரமும் போயிற்று. 1968 முதல் அமெரிக்கா இந்த இரட்டை ஏற்பாட்டைப் புதிய கார்களுக்குக் கட்டாயமாக்கியது. ஹேண்ட் பிரேக்கை எடுத்த பிறகும் அந்தச் சிவப்பு விளக்கு அணையவில்லை என்றால், அதை அலட்சியம் செய்யக் கூடாது.

எல்லாப் பழியையும் மாஸ்டர் சிலிண்டர்மேல் போடுவதும் தவறு. பெடல் பஞ்சு போல அமுங்கினால் குழாயில் காற்று புகுந்திருக்கிறது. எஞ்சின் ஓடும்போதும் பெடல் கட்டைபோல விறைத்திருந்து, வண்டியை நிறுத்த உடல் பலம் முழுதும் தேவைப்பட்டால் பூஸ்டரில் கோளாறு. கொல்லிமலையின் 70 கொண்டை ஊசி வளைவுகளில் பிரேக்கை மட்டுமே நம்பி இறங்கும் வண்டியில் பிரேக் திடீரென்று வலுவிழந்து, ஆறியபின் சரியானால், அது சூட்டின் வேலை. பேட் சூடேறிப் பிடிமானம் இழந்திருக்கும், அல்லது ஆயில் கொதித்திருக்கும்.

ஒரு நிமிடச் சோதனை

இதற்குக் கருவி எதுவும் வேண்டாம். வண்டியைச் சமதளத்தில் நிறுத்தி எஞ்சினை அணையுங்கள். பெடலை ஐந்தாறு முறை மிதித்து பூஸ்டரில் மிஞ்சிய வெற்றிடத்தைக் காலிசெய்யுங்கள். இப்போது பெடலை மிக லேசாக அழுத்தி, அரை நிமிடம் முதல் ஒரு நிமிடம்வரை அப்படியே பிடியுங்கள். பெடல் அசையக் கூடாது. பிறகு பலமாக அழுத்திப் பிடியுங்கள். லேசான அழுத்தத்தில் இறங்கி, பலமான அழுத்தத்தில் நின்றால், தேய்ந்த விளிம்பின் கையெழுத்து அது.

அடுத்து, பெடலை அழுத்தியபடியே எஞ்சினைக் கிளப்புங்கள். பெடல் சற்றே இறங்கி நிற்கும். பயப்பட வேண்டாம், பூஸ்டர் உயிரோடு இருக்கிறது என்று அர்த்தம். நிற்காமல் இறங்கிக்கொண்டே போனால்தான் கோளாறு.

இறங்குகிறது என்பதற்காக உடனே புது மாஸ்டர் சிலிண்டர் வாங்கிவிடவும் கூடாது. பின்சக்கர டிரம்முக்குள் ஒளிந்து ஒழுகும் வீல் சிலிண்டரும் பெடலை இறக்கும். ஏபிஎஸ் பெட்டிக்குள் மூடாத வால்வும் இறக்கும். நல்ல மெக்கானிக் மாஸ்டர் சிலிண்டரிலிருந்து கிளம்பும் குழாய்களைக் கழற்றி, அந்தத் துவாரங்களை அடைப்பானால் இறுக்கி, காற்றை எடுத்துவிட்டு மிதித்துப் பார்ப்பார். அப்போதும் இறங்கினால் குற்றவாளி மாஸ்டர்தான். கல் போல நின்றால் கோளாறு அதற்கு அப்பால் இருக்கிறது. கால் அழுத்தத்தை மின்னணுக் கருவி படித்து பிரேக் பிடிக்கும் புதிய வகைக் கார்களில் பெடலின் உணர்வே செயற்கையானது. அவற்றுக்கு இந்தச் சோதனைகள் பொருந்தாது.

விளிம்பைக் கொல்வது எது?

முதல் எதிரி தண்ணீர். பெரும்பாலான கார்களில் ஊற்றப்படும் டாட் 3, டாட் 4 பிரேக் ஆயில்கள் கிளைக்கால் ஈதர் வகைத் திரவங்கள். காற்றின் ஈரத்தை இழுத்துக்கொள்ளும் குணம் அவற்றுக்கு உண்டு. டாட் 3-ன் கொதிநிலை புதிதாக இருக்கும்போது குறைந்தது 205 டிகிரி செல்சியஸ் இருக்க வேண்டும் என்பது தரவிதி. சுமார் 3.7 சதவீதம் தண்ணீர் சேர்ந்தபின் அது 140 வரை இறங்கலாம். டாட் 4-ல் இதே எண்கள் 230-ம் 155-ம். இந்தத் தண்ணீர் சிலிண்டரின் உள்சுவரையும் அரித்துக் குழிபறிக்கும். கண்ணாடி போல வழுவழுப்பாக இருக்க வேண்டிய சுவர் அரம் போலாகி, ஒவ்வொரு மிதியிலும் விளிம்பைச் சுரண்டும். சென்னை போன்ற கடலோர ஊர்களின் காற்றில் ஈரத்துக்குக் குறைவே இல்லை.

இரண்டாவது எதிரி தவறான ஆயில். பிரேக்கில் உள்ள ரப்பர் கிளைக்கால் வகை ஆயிலுக்கென்று தேர்ந்தெடுக்கப்பட்டது. பவர் ஸ்டீயரிங் ஆயிலோ எஞ்சின் ஆயிலோ கொஞ்சம் கலந்தாலே அது ஊதிப்போகும். பிறகு ஆயிலை மட்டும் மாற்றிப் பயனில்லை. ரப்பர் பாகங்கள் எல்லாவற்றையும் மாற்ற வேண்டிவரும். சரியான வகை ஆயிலிலேயே நுட்பமான வேறுபாடு எவ்வளவு தூரம் போகும் என்பதற்கு 2010 அக்டோபரில் ஒரு பாடம் கிடைத்தது. டொயோட்டா உலகம் முழுவதும் சுமார் 15 லட்சம் கார்களைத் திரும்ப அழைத்தது. சில குறிப்பிட்ட பாலிமர்கள் இல்லாத, அல்லது மிகக் குறைவாக உள்ள பிரேக் ஆயிலை மாற்று ஆயிலாக ஊற்றினால், மாஸ்டர் சிலிண்டரின் கடைசியில் உள்ள ரப்பர் சீலின் ஒரு பகுதி வறண்டு, பிஸ்டன் நகரும்போது சுருண்டு, ஆயில் மெதுவாக ஒழுகக்கூடும் என்பதே முக்கியக் காரணம். வறண்டுபோனது ஒரு ரப்பரின் ஓரம். திரும்ப அழைக்கப்பட்டவை லட்சக்கணக்கான கார்கள்.

மூன்றாவது எதிரி, வியப்பாக இருந்தாலும், நல்லெண்ணத்தோடு செய்யும் சர்வீஸ். பழைய வண்டியில் ஏர் எடுக்கும்போது உதவியாளர் பெடலை அடிமட்டம்வரை மிதிப்பார். அன்றாட ஓட்டத்தில் பிஸ்டன் அவ்வளவு தூரம் போவதே இல்லை. ஆண்டுக்கணக்கில் யாரும் தொடாத அந்தப் பகுதியில் துருவும் படிவும் சேர்ந்திருக்கும். விளிம்பு முதன்முறையாக அங்கே போய்க் கிழிபடும். 'சர்வீஸுக்கு விட்ட பிறகுதான் பிரேக் கெட்டது' என்ற புகாரில் சில சமயம் உண்மை இருப்பது இப்படித்தான். பெடலுக்கு அடியில் ஒரு மரக்கட்டையை வைத்து, முழுத் தூரம் போகாமல் தடுப்பது பழகிய மெக்கானிக்குகளின் முன்யோசனை.

பழுது உறுதியானால் சிலர் ரப்பர் பாகங்கள் அடங்கிய கிட் மட்டும் வாங்கிக் கப்புகளை மாற்றுவார்கள். உள்சுவர் மாசுமறுவின்றி இருந்தால் மட்டுமே அது பலிக்கும். குழிவிழுந்த சுவரில் புதுக் கப் போடுவது அதையும் சீக்கிரம் தேய்ப்பதற்கான ஏற்பாடு. அலுமினிய சிலிண்டரைத் தேய்த்து வழுவழுப்பாக்கினால் அதன் கடினமான மேல்பூச்சும் போய்விடும் என்பதால், முழுதாக மாற்றுவதே முறை.

ஓடும்போதே பெடல் இறங்கிவிட்டால் வேகமாகப் பம்ப் அடியுங்கள். மிஞ்சியிருக்கும் அழுத்தம் திரளும். கியரை ஒவ்வொன்றாகக் குறையுங்கள். கையால் இழுக்கும் ஹேண்ட் பிரேக் என்றால், அதன் பொத்தானை அழுத்தியபடி கொஞ்சம் கொஞ்சமாக இழுங்கள். அது கேபிளில் இயங்குவதால் ஆயிலை நம்பியில்லை. எஞ்சினை அணைக்காதீர்கள், பூஸ்டரும் பவர் ஸ்டீயரிங்கும் அதோடு போய்விடும். நின்ற பிறகு, 'வீடுவரை மெதுவாகப் போய்விடலாம்' என்ற யோசனையே வேண்டாம். வண்டியை மீட்பு வாகனத்தில் ஏற்றிக்கொண்டு போவதுதான் மலிவான வழி.

பல நிறுவனங்கள் சொல்வது போல இரண்டு ஆண்டுக்கு ஒருமுறை பிரேக் ஆயிலை மாற்றுங்கள். டப்பா மூடியில் என்ன வகை எழுதியிருக்கிறதோ அதையே ஊற்றுங்கள். திறந்து பல மாதம் ஆன பாட்டிலில் மிஞ்சியது வேண்டாம். மாதம் ஒருமுறை அந்த ஒரு நிமிடச் சோதனையைச் செய்துபாருங்கள். எல்லாவற்றுக்கும் மேலாக, கோளாறோடு சமாதானம் செய்துகொள்ளாதீர்கள். இரண்டாவது மிதிக்கு நேரம் இல்லாத தருணம் எந்தச் சாலையிலும் ஒரு நாள் வரும். பம்ப் அடித்தால்தான் பிடிக்கும் பிரேக், பழுதான பிரேக்.